பேடன் பவுல் பிரபுவும் பாலசாரணர் இயக்கமும்

கிராமத்து ஐக்கிய நாணய சங்கத்தில் பதினெட்டு வயது நிரம்பாதவன் அங்கத்தினனாகச் சேரச் சட்டம் இடங்கொடுப்பதில்லை. அவ்விதிக்குத் தக்க காரணம் உண்டு. கடன் பத்திரத்தில் கையொப்பமிடுபவன் அதன் பொறுப்பை அறிந்தவனாக இருத்தல் வேண்டும். ஆயினும் பதினெட்டு வயது பூர்த்தியான தினத்தில் பொறுப்புணர்ச்சி ஒருவனுக்குத் தானாகவே வந்து சேர்ந்துவிடுவதில்லை. பத்து வயதுக்கும் பதினெட்டு வயதுக்கும் இடைப்பட்ட சிறுவனைக் கிராமத்தார் ஏவுகிறார்கள், அதட்டுகிறார்கள், சில சமயம் செல்லமும் கொடுக்கிறார்கள். ஆனால் ஒரு காரியத்தை முழுமையாக அவனிடம் ஒப்படைத்து, அதன் நன்மை தீமைக்கு அவனையே பொறுப்பாளியாக்குவோர் மிகச் சிலரே. மகாசபைக் கூட்டத்தில் கணக்கைப் பாராமலே கை தூக்கும் அங்கத்தினரும், தவணை தவறியபின் காரியதரிசியைக் கண்டால் ஒதுங்கிப் போகும் கடன்காரரும் ஒரு காலத்தில் இவ்வாறு வளர்ந்த சிறுவர்களே.

இந்த எட்டு வருஷ இடைவெளியைக் கவனித்து அதற்கு ஒரு மார்க்கம் வகுத்தவர் பள்ளிக்கூட ஆசிரியரல்லர், மதபோதகருமல்லர். முப்பத்து நான்கு வருஷ காலம் ராணுவத்தில் கழித்த ஓர் உத்தியோகஸ்தர். ராபர்ட் பேடன் பவுல் என்பது அவர் பெயர். அவர் தொடங்கிய பாலசாரணர் இயக்கத்தில் இன்று உலகெங்கும் ஐந்து கோடிக்கு மேற்பட்டவர் சேர்ந்திருக்கின்றனர்.

வாளை உறையிலிட்டுவிட்டு ஜனங்களின் காரியத்தில் இறங்கிய ராணுவ உத்தியோகஸ்தர் தர்மபுரிச் சீமைக்குப் புதியவரல்லர். 1792ஆம் வருஷத்தில் ஸ்ரீரங்கபட்டண உடன்படிக்கையினால் பாராமகால் பிரதேசம் கம்பெனியார் வசமானபோது, அதன் நிர்வாகத்துக்கு அனுப்பப்பட்டவர்கள் காப்டன் அலெக்ஸாண்டர் ரீடும், அவருக்கு உதவியாளராக வந்த தாமஸ் மன்றோவும் ஆவர். இருவரும் படையைச் சேர்ந்தவர்கள். மன்றோ 1799 வரை ஏழு வருஷம் இச்சீமையில் ஊர் ஊராகச் சென்று குடியானவர்களுடன் நேரே பேசி, நிலத்தின் தரத்தையும் விளைவையும் விசாரித்தார். பிற்காலத்தில் அவர் சென்னை மாகாண கவர்னரானபோது ரயத்துவாரி முறையை நிலைநாட்டியதற்கு இங்கே கற்ற பாடமே அடிப்படை. கண்ணால் கண்டு, காலால் நடந்து, நேரில் கேட்டு அறிந்துகொள்ளும் இவ்வழக்கமே பேடன் பவுலின் போதனைக்கும் வேர் என்பது பின்னால் விளங்கும்.

இளமை

பேடன் பவுல் 1857ஆம் வருஷம் பிப்ரவரி 22ஆம் தேதி லண்டன் நகரில் பிறந்தார். அவர் தந்தையார் ஆக்ஸ்போர்டு சர்வகலாசாலையில் க்ஷேத்திர கணித ஆசிரியர். குழந்தைக்கு மூன்று வயதாகும்போது அவர் காலமானார். தாயார் ஹென்ரியட்டா கிரேஸ் அம்மையார் கப்பற்படைத் தலைவர் ஒருவரின் புதல்வி. பல குழந்தைகளைத் தனியே வளர்க்க வேண்டிய பொறுப்பு அவர் தலைமேல் விழுந்தது. அவர் பிள்ளைகளைக் கட்டிக் காக்கவில்லை. மூத்த சகோதரர்களுடன் படகோட்டவும், வெளியூர்களில் நடந்து திரிந்து தாமே சமைத்துண்ணவும் அனுமதித்தார். அண்ணன் சொன்னபடி தம்பி கேட்க வேண்டும். தம்பிக்குத் தீங்கு வந்தால் அண்ணன் பதில் சொல்ல வேண்டும். பிற்காலத்தில் உலகெங்கும் பரவிய அணி முறையின் முதல் மாதிரி இந்த விதவைத் தாயின் வீட்டிலேயே அமைந்திருந்தது எனலாம்.

சார்ட்டர்ஹௌஸ் என்னும் பள்ளியில் உபகாரச் சம்பளம் பெற்று அவர் படித்தார். 1872ல் அப்பள்ளி லண்டனிலிருந்து நாட்டுப்புறத்துக்கு மாறியது. பள்ளியை அடுத்திருந்த தோப்புக்குள் மாணாக்கர் போகலாகாது என்பது விதி. அவரோ அங்கேதான் பதுங்கியிருந்து பறவைகளின் தடங்களையும் முயலின் வழித்தாரையையும் கவனிப்பார்; முயலைப் பிடித்துப் புகை வெளியே தெரியாதபடி சிறு நெருப்பு மூட்டிச் சமைப்பார். புகை கிளம்பினால் ஆசிரியர் கண்டுபிடித்துவிடுவார் அல்லவா? வகுப்பில் அவர் பெயர் வாங்கிய மாணாக்கரல்லர். தோப்பில் கற்றதே அவருக்கு ஆயுள் முழுதும் உதவியது. விதியை மீறியதைப் புகழ வேண்டுவதில்லை. ஆனால் ஆடு மேய்க்கும் சிறுவன் காட்டில் கற்பதைக் கல்வியென்று எண்ணாத பெரியவர்கள் இதனைச் சற்றே யோசிக்கலாம்.

இந்தியாவில் உத்தியோகம்

1876ல் ராணுவப் பரீக்ஷை எழுதிக் குதிரைப்படைப் பிரிவில் இரண்டாவதாகத் தேறினார். அதன் பயனாக ராணுவக் கல்லூரிப் பயிற்சியின்றியே பதின்மூன்றாவது ஹுஸார் படையில் உத்தியோகம் கிடைத்தது. அப்படை அப்போது லட்சுமணபுரியில் இருந்தது. பத்தொன்பது வயதில் அவர் இந்தியாவில் வந்திறங்கினார்.

படைக்கு முன்னே சென்று, எதிரி எங்கிருக்கிறான், எத்தனை பேர், தண்ணீர் எங்குண்டு, வண்டிப் பாதை எது என்று அறிந்து வருபவனே சாரணன். பழந்தமிழ் மன்னர் காலத்தில் ஒற்றன் செய்த வேலையில் இதுவும் ஒரு பகுதி. சாரணனுக்குப் பக்கத்தில் உத்தரவிட ஆளில்லை. பாதை இரண்டாகப் பிரிந்தால் எதில் செல்வது என்பதை அவனே தீர்மானிக்க வேண்டும். ஆனால் அக்காலத்துச் சிப்பாய்க்கு அளிக்கப்பட்ட பயிற்சியோ, உத்தரவு பிறக்கும் வரையில் அசையாது நிற்பதும் பிறந்தவுடன் யோசியாது நடப்பதுமே. இம்முறையில் தேறியவன் தனியே விடப்பட்டால் திகைத்து நிற்பான் என்பதைப் பேடன் பவுல் கண்டார். இதைப்பற்றி 1884ல் ஒரு சிறு நூலும் எழுதினார்.

பின்பு 1897ல் ஐந்தாவது டிராகூன் காவற்படையின் தலைவராக மறுபடியும் இந்தியா வந்து மீரத்தில் தங்கியபோதுதான் தம் எண்ணத்தை முழுவதும் பரீக்ஷித்துப் பார்க்க வாய்ப்புக் கிடைத்தது. சிப்பாய்களைச் சிறு சிறு கூட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு தலைவனை நியமித்து, அவனிடமே பொறுப்பை விட்டார். தேறியவர்களுக்குத் திசை காட்டும் கருவியின் வடமுனைக் குறிபோன்ற ஒரு பித்தளைச் சின்னம் அளிக்கப்பட்டது. இன்று எந்த நாட்டுப் பாலசாரணன் அணியும் சின்னத்திலும் காணப்படும் மூவிதழ் வடிவம் அதிலிருந்து வந்ததே.

மாபெகிங் முற்றுகை

1899ல் தென்னாப்பிரிக்காவில் ஆங்கிலேயருக்கும் போயர்களுக்கும் யுத்தம் மூண்டது. மாபெகிங் என்னும் சிற்றூரைக் காக்கும் பொறுப்பு பேடன் பவுலைச் சேர்ந்தது. அவ்வருஷம் அக்டோபர் 13ஆம் தேதி தொடங்கிய முற்றுகை 217 நாள் நீடித்து, 1900 மே 17ஆம் தேதி விலகியது. தம்மிடமிருந்த சொற்பப் படையைப் பெரிதென்று காட்ட அவர் செய்த தந்திரங்கள் பல. முள்வேலியில்லாத இடத்தில் வேலி இருப்பதுபோல் சிப்பாய்கள் காலைத் தூக்கித் தூக்கி வைத்து நடந்தது அவற்றில் ஒன்று.

பாலசாரணர் சரித்திரத்துக்கு முக்கியமானது வேறொன்று. பெரியவர்கள் எல்லோரும் காவலுக்கு வேண்டியிருந்தமையால், ஊரிலிருந்த வெள்ளைக்காரச் சிறுவர்களை அவருடைய துணை உத்தியோகஸ்தர் எட்வர்டு ஸெஸில் பிரபு ஒரு படையாகச் சேர்த்தார். ஒன்பது வயதுக்கு மேற்பட்ட அச்சிறுவர்கள் கடிதங்களைக் கொண்டுபோயினர், ஆஸ்பத்திரியில் உதவினர், குண்டு வருவதைப் பார்த்துச் சொல்லக் காவல் நின்றனர். முதலில் கழுதைமீதும், கழுதைகள் உணவாகத் தீர்ந்தபின் சைக்கிள்மீதும் சென்றனர். அவர்களுள் ஒருவனும் ஒப்படைத்த வேலையைத் தட்டிக் கழிக்கவில்லையென்பதைப் பேடன் பவுல் மனத்தில் குறித்துக்கொண்டார்.

இம்முற்றுகையின் மறுபுறத்தையும் மறைக்கலாகாது. ஊரை அடுத்து வாழ்ந்த பரலோங் என்னும் ஆப்பிரிக்க ஜாதியாரும், யுத்தத்துக்கு அஞ்சி ஓடிவந்த பிற ஆப்பிரிக்கரும் வெள்ளையரைவிட மிகக் குறைவான உணவு பெற்றுப் பசியால் பலர் மாண்டனர் என்று பிற்காலச் சரித்திர ஆசிரியர்கள் அவர்மீது குறை கூறியிருக்கின்றனர். லண்டனில் ஜனங்கள் வீதியில் கூத்தாடிய வெற்றிக்கு அங்கே வேறு சிலர் விலை கொடுத்தனர். பேடன் பவுல் தம் காலத்துச் சாம்ராஜ்ய உத்தியோகஸ்தர். அவர் பிற்காலத்தில் வகுத்த சகோதரத்துவ விதி, அவரே முன்பு நடந்துகொண்டதைவிட உயர்ந்தது. நூலை ஆக்கியோனைவிட நூல் உயர்ந்திருத்தல் உலகில் புதுமையன்று.

பிரௌன்ஸீ தீவு

முற்றுகை நீங்கியதும் நாற்பத்து மூன்றாம் வயதில் அவர் மேஜர் ஜெனரலாக உயர்த்தப்பட்டார். தாய்நாடு திரும்பியபோது ஓர் அதிசயத்தைக் கண்டார். சிப்பாய்களுக்கென்று அவர் எழுதி 1899ல் வெளிவந்த சாரணப் பயிற்சி நூலைச் சிறுவர்களும் பள்ளி ஆசிரியர்களும் வாங்கிப் படித்துக்கொண்டிருந்தனர். 1904ல் சிறுவர் சங்கம் ஒன்றின் அணிவகுப்பைப் பார்வையிடச் சென்றார். அதன் ஸ்தாபகர் வில்லியம் ஸ்மித் என்பவர், அந்நூலைச் சிறுவருக்கேற்ப மாற்றி எழுதும்படி தூண்டினார். பேடன் பவுல் உடனே எழுதவில்லை. எழுதுமுன் செய்துபார்க்க விரும்பினார். கிராமப் புனருத்தாரணத்துக்கென்று காகிதத்தில் திட்டம் தீட்டுவோர் எக்காலத்தும் பலர். ஒரு வயலில் விதைத்துப் பார்த்தபின் ஊருக்குச் சொல்லுவோர் சிலர்.

1907 ஆகஸ்டு முதல் வாரத்தில், இங்கிலாந்தின் தென்கரையிலுள்ள பிரௌன்ஸீ என்னும் சிறு தீவில் ஏறக்குறைய இருபது சிறுவர்களுடன் அவர் கூடாரமடித்தார். செல்வர் வீட்டுப் பள்ளிகளிலிருந்து சிலர், தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள் சிலர் எனக் கலந்து தேர்ந்தெடுத்தார். இங்கிலாந்தில் அக்காலத்தில் இவ்விரு வகுப்பாரும் ஒருமித்து உண்பதென்பது, தமிழ்நாட்டுக் கிராமத்தில் ஊர்த்தெருவுப் பிள்ளையும் சேரிப் பிள்ளையும் ஒரே பந்தியில் அமர்வதற்கு ஒப்பான காரியம். ஓநாய், காளை, காட்டுக்காகம், உள்ளான் என நான்கு அணிகள், அணிக்கொரு தலைவன், தோளில் அணிக்கொரு நிற நாடா. காலையில் ஆப்பிரிக்க மான்கொம்பை ஊதி எழுப்புவார். பகலில் தடம் பார்த்தல், முடிச்சுப் போடுதல், சமைத்தல், நீரில் விழுந்தவனைக் காத்தல் முதலிய பயிற்சிகள். இரவில் நெருப்பைச் சுற்றி அமர்ந்து கதை.

இதில் ராணுவ அணிவகுப்பு இல்லை, துப்பாக்கியும் இல்லை. சேனாதிபதியே நடத்திய முகாமில் படைப் பயிற்சி இல்லாதது பலருக்கு வியப்பளித்தது. உத்தரவுக்குக் கீழ்ப்படிதலைக் கற்பித்தால் உத்தரவிடுபவன் போனவுடன் கீழ்ப்படிதலும் போய்விடும் என்பதை அவர் மீரத்திலேயே அறிந்திருந்தார்.

அணி முறையும் ஐக்கிய முறையும்

அணி என்பது ஆறு முதல் எட்டுச் சிறுவர் கொண்டது. அதற்குமேல் போனால் தலைவன் ஒவ்வொருவனையும் அறிய முடியாது. அதற்குக் கீழே போனால் வேலையைப் பகிர்ந்துகொள்ள ஆளில்லை. தலைவனும் சிறுவனே. ஒருவன் பொருள்களுக்குப் பொறுப்பு, ஒருவன் கணக்கெழுதுவான், ஒருவன் மருந்துப் பெட்டியைக் காப்பான். அணித்தலைவர்கள் கூடிப் பேசித் தம் காரியங்களைத் தாமே முடிவு செய்வர். சாரணாசிரியர் அருகிலிருந்து வழிகாட்டுவார். ஆனால் பிள்ளைகள் செய்யக்கூடியதைத் தாம் செய்யமாட்டார்.

ஐக்கிய சங்க அங்கத்தினர்க்கு இது பழகிய குரலாகவே கேட்கும். ஜெர்மனியில் ரெய்பீஸன் என்ற ஊர்த்தலைவர் கடன்பட்ட குடியானவர்களுக்காகச் சங்கம் கண்டபோது, ஒருவரையொருவர் நேரில் அறிந்தோர் மட்டுமே ஒரு சங்கத்தில் சேர வேண்டும் என்பதை முதல் விதியாகக் கொண்டார். சென்னை மாகாண சர்க்காருக்காக அம்முறையை ஆராய்ந்து பிரெடரிக் நிக்கல்ஸன் அறிக்கை எழுதினார். அதன்பின் வந்த 1904ஆம் வருஷத்து ஐக்கிய நாணய சங்கச் சட்டம், ஒரே கிராமத்தார் பத்துப் பேர் கூடினால் சங்கம் அமைக்கலாமென்று விதித்தது. அக்காலத்துக் கிராம சங்கங்களில் ஒருவன் கடனுக்கு எல்லோரும் ஜவாப்தாரி. பக்கத்து வீட்டுக்காரன் கடன் வாங்கிய பணத்தில் காளை வாங்கினானா, கலியாணத்தில் கரைத்தானா என்பதை அங்கத்தினர் கவனிக்கும்படி செய்தது அந்த ஜவாப்தாரித்தனமே. அணியிலும் இதே விசை வேலை செய்கிறது. ஒருவன் கயிற்றைச் சுருட்டாமல் போட்டால் அணி முழுதும் தாமதப்படும். ஒருவன் சோற்றைக் கருக்கினால் எல்லோரும் கருகிய சோறே உண்பர். தண்டனைக்கு ஆசிரியர் பிரம்பெடுக்க வேண்டிய அவசியமேயில்லை.

எல்லை கடந்த பின்னரும் இம்முறை குலையாததற்குக் காரணம் அதன் சிறுமையே. பெரிய சங்கம் ஒன்று சரிந்தால் ஜில்லாவே ஆட்டங்காணும். ஓர் அணி கெட்டால் ஓர் அணியே கெடும். பக்கத்து அணி தன்பாட்டில் நடக்கும்.

இயக்கம் பரவியது

1908 ஜனவரி முதல் அவருடைய நூல் பதினைந்து நாட்களுக்கு ஒரு பகுதியாக ஆறு பகுதிகளில், பகுதி நான்கு பென்னி விலையில் வெளிவந்தது. சிறுவர்கள் எவருடைய அனுமதிக்கும் காத்திராமல் தாமே அணிகளை அமைத்துக்கொண்டு பின்புதான் பெரியவர்களைத் தேடினர். 1909ல் லண்டனில் கூடிய முதற் பேரணியில் பத்தாயிரத்துக்கு மேற்பட்டோர் வந்தனர். அழைக்கப்படாத சில சிறுமிகளும் சாரண உடையில் வந்து நின்று, தங்களுக்கும் இடம் வேண்டுமென்று கேட்டார்கள். அதன் பயனாக 1910ல் சாரணியர் இயக்கம் அவருடைய சகோதரி ஆக்னெஸ் அம்மையாரின் தலைமையில் தோன்றியது. அவ்வருஷமே ஏழாம் எட்வர்டு மன்னரின் யோசனைப்படி அவர் ராணுவத்திலிருந்து விலகி, இயக்கத்துக்கே தம்மை ஒப்புவித்தார். 1912ல் ஒலேவ் ஸோம்ஸ் என்ற மங்கையை மணந்தார். இவ்வம்மையார் பிறகு உலகச் சாரணியர் தலைவியாக விளங்கினார்.

சாரணன் சேரும்போது மூன்று விரல் உயர்த்தி ஒரு வாக்குறுதி கூறுகிறான்: கடவுளுக்கும் நாட்டுக்கும் கடமையாற்றுவது, பிறர்க்கு எப்போதும் உதவுவது, சாரண விதிக்கு அடங்குவது. சாரணன் நம்பத்தக்கவன்; எல்லோர்க்கும் நண்பன், பிற சாரணர்க்குச் சகோதரன்; பிராணிகளிடம் அன்புள்ளவன்; சிக்கனமானவன் என விதிகள் செல்கின்றன. விலக்குகளாகக் கூறாமல் சாரணன் இத்தகையவன் என்றே ஒவ்வொரு விதியும் கூறுவது கவனிக்கத்தக்கது. நாள்தோறும் கைம்மாறு கருதாது ஒரு நற்செயல் செய்வது வழக்கம். இதை நகைப்போரும் உண்டு. கிழவியைப் பாதை கடத்திவிடுவதில் என்ன புனருத்தாரணம் என்பர். சிறுவன் செய்யத்தக்கது சிறு செயலே. அதனை நாள் தவறாது செய்வதிலேதான் பழக்கம் உண்டாகிறது. சிறுகச் சிறுகச் சேமிக்கும் வைப்புத் தொகையின் கணக்கும் இத்தகையதே.

1920ல் லண்டனில் முதல் உலகச் சாரணர் பெருவிழா நடந்தது. நான்கு வருஷம் ஒருவரையொருவர் கொன்று தீர்த்த ஐரோப்பிய யுத்தம் முடிந்து இரண்டு வருஷமும் ஆகாத காலம் அது. அவ்விழாவில் பேடன் பவுலை உலகத் தலைமைச் சாரணர் எனச் சிறுவர்கள் ஆரவாரத்துடன் ஏற்றனர். 1929ல் அவருக்குப் பிரபுப் பட்டம் அளிக்கப்பட்டது.

இந்தியச் சிறுவருக்கு அடைத்த கதவு

இந்தியாவில் முதற் சாரணக் கூட்டம் 1909ல், தர்மபுரிக்கு அண்மையிலுள்ள பெங்களூரில் காப்டன் பேக்கர் என்பவரால் தொடங்கப்பட்டது. ஆனால் அது ஐரோப்பிய, ஆங்கிலோ இந்தியச் சிறுவர்க்கே உரியதாயிருந்தது. தடம் அறியவும், செய்தி கொண்டுசெல்லவும், கூடித் தீர்மானிக்கவும் இந்தியச் சிறுவன் கற்றால் அவன் ராஜத்துரோகியாவான் என்று உத்தியோகஸ்தர்கள் அஞ்சினர். எல்லோர்க்கும் நண்பனென்று கூறும் இயக்கம், அந்நாட்டுப் பிள்ளைகளையே வாசலில் நிறுத்தியது.

அக்கதவைத் திறந்தது சென்னையே. 1917ல் அன்னி பெஸன்ட் அம்மையார், அருண்டேல் முதலியோர் துணையுடன் இந்தியப் பாலசாரணர் சங்கத்தைச் சென்னையில் ஸ்தாபித்தார். சுயாட்சி கோரிய காரணத்துக்காக அவரைச் சர்க்கார் உதகமண்டலத்தில் காவலில் வைத்ததும் அதே வருஷந்தான். இச்சங்கத்துச் சிறுவர் தொப்பிக்குப் பதில் தலைப்பாகை அணிந்தனர். இந்தியப் பாட்டுக்களைப் பாடினர். அலகாபாத்தில் மதன் மோகன் மாளவியாவும் ஹிருதயநாத் குன்ஸ்ருவும் ஸ்ரீராம் பாஜ்பாயும் சேவா ஸமிதி சாரணர் சங்கத்தை நடத்தினர்; திருவிழாக்களில் கூட்டத்தை ஒழுங்குபடுத்துவதும் நோயாளிகளைத் தூக்கிச் செல்வதும் அதன் முக்கிய வேலைகள்.

1921ஆம் வருஷத் தொடக்கத்தில் பேடன் பவுல் இந்தியா வந்து சுற்றிப் பார்த்தார். இந்தியச் சிறுவரின் திறமையை நேரில் கண்டபின் பழைய தடை நிற்கவில்லை. பெஸன்ட் அம்மையாரின் சங்கம் சென்னையில் தலைமைச் சங்கத்துடன் இணைந்தது. சேவா ஸமிதியார் இணையவில்லை. மன்னருக்குக் கடமையாற்றுவேன் என்னும் வாக்குறுதி அவர்களுக்கு ஒரு பெருந்தடை. அத்தடையின் கனத்தை இன்றைய வாசகர் உணர வேண்டுமானால் தர்மபுரி ஜில்லாப் பாப்பாரப்பட்டியை நினைக்கலாம். சிறையில் பெற்ற நோயுடன் சுப்பிரமணிய சிவா அவ்வூரில் பாரதாசிரமம் அமைத்து, 1925 ஜூலை 23ஆம் தேதி உயிர் நீத்தார். அவரைப் பார்த்து வளர்ந்த சிறுவனிடம் மன்னர் பேரால் சத்தியம் கேட்பது எளிதாயிருந்திருக்க முடியாது. அவர் பெயரை இந்த ஜில்லாவில் ஒரு கூட்டுறவுச் சர்க்கரை ஆலை இன்று தாங்கி நிற்பதைக் கரும்பு பயிரிடும் அங்கத்தினர் அறிவர்.

சுதந்திரம் வந்தபின் அத்தடையும் நீங்கியது. 1950 நவம்பர் 7ஆம் தேதி இருபுறத்துச் சங்கங்களும் ஒன்றாகிப் பாரத சாரணர் சங்கம் அமைந்தது; 1951 ஆகஸ்டு 15ஆம் தேதி சாரணியரும் அதில் சேர்ந்தனர்.

இவற்றைப் பேடன் பவுல் காணவில்லை. 1937ல் டில்லியில் நடந்த அகில இந்தியப் பெருவிழாவுக்கு எண்பது வயதில் வந்து சென்ற அவர், மறு வருஷம் ஆப்பிரிக்காவில் கெனியா நாட்டின் நியேரி என்னும் மலையூரில் குடியேறி, 1941 ஜனவரி 8ஆம் தேதி அங்கேயே காலஞ்சென்றார். அவர் கல்லறையில் ஒரு வட்டமும் அதனுள் ஒரு புள்ளியும் செதுக்கப்பட்டுள்ளன. காட்டு வழியில் சாரணர் இட்டுச் செல்லும் குறிகளில் அதற்குப் பொருள், வீட்டுக்குப் போய்விட்டேன் என்பது.

கிராமத்தில் ஓர் அணி

தர்மபுரி, பாலக்கோடு, பென்னாகரம், அரூர் ஆகிய தாலுகாக்களின் கிராமங்களில் ஆறு சிறுவர் கொண்ட அணி ஒன்று என்ன செய்யலாம் என்பதை இனி நோக்கலாம். பிரௌன்ஸீ தீவின் பாடங்களை அப்படியே பெயர்த்து நடுதல் பயன்படாது.

முதலாவது, கவனிக்கும் பயிற்சி. இந்த ஜில்லாவில் பல ஊர்களின் நிலத்தடி நீரில் புளோரைடு என்னும் உப்பு மிகுந்திருக்கிறது. லிட்டருக்கு ஒன்றரை மில்லிகிராமுக்கு மேற்பட்டால் அது பிள்ளைகளின் பல்லில் மஞ்சளும் பழுப்புமான கறையாகவும், பல வருஷம் சென்றபின் எலும்பிலும் மூட்டிலும் விறைப்பாகவும் வெளிப்படும். இதனை நீக்கவே ஒகேனக்கல்லிலிருந்து காவிரி நீரைக் கொண்டுவரும் திட்டம் 2013ல் திறக்கப்பட்டது. குழாய் நீர் வந்தபின்னும் வழக்கத்தினாலோ ருசியினாலோ பழைய ஆழ்குழாய் நீரையே குடிக்கும் வீடுகள் இருக்கலாம். எந்த வீட்டில் எந்தத் தண்ணீர் குடிக்கிறார்கள், எந்தத் தெருவில் பிள்ளைகளின் பல் கறைபட்டிருக்கிறது என்று ஊர்ப் படம் ஒன்று வரைந்து குறிப்பது சாரணச் சிறுவனுக்கு ஏற்ற வேலை. அப்படத்தைப் பஞ்சாயத்தார் முன் வைத்தால் வாதத்துக்கு இடமிராது.

இரண்டாவது, முடிச்சு. கவலை இறைத்த காலத்தில் வடக்கயிற்றின் முடிச்சை அறியாத குடியானவன் இல்லை. மோட்டார் வந்தபின் அவ்வித்தை குறைந்துவிட்டது. கைப்பிடிச் சுவரற்ற கிணறுகளோ இன்னும் உள்ளன. கிணற்றில் விழுந்தவனை உருவு சுருக்கினால் கட்டித் தூக்கினால் அது நெஞ்சை இறுக்கி மூச்சை நிறுத்தும். இறுகாத வளையமாக முடியும் முடிச்சு வேறு. அதைச் சாரணன் கண்ணை மூடிக்கொண்டும், ஒரே கையாலும் போடப் பழகுகிறான். விழுந்தவனைக் காப்பாற்றத் தானும் குதித்து இருவரும் மாள்வது கிராமங்களில் நேர்வதுண்டு. முதலில் கயிறு, பிறகு மூங்கில், கடைசியாகவே நீரில் இறங்குதல் என்பது சாரண முறை.

மூன்றாவது, பாம்புக்கடி. இதில் பழைய போதனை மாறியிருக்கிறது. கடிவாய்க்கு மேலே இறுகக் கட்டு, கத்தியால் கீறு, வாயால் உறிஞ்சு என்று அக்காலத்து முதலுதவி நூல்கள் கூறின. இவை மூன்றும் தீங்கு என்பது இன்று வைத்தியர்களின் முடிவு. இறுகக் கட்டினால் அவயவமே அழுகக்கூடும். கீறினால் இரத்தம் நிற்காமல் பெருகக்கூடும். கடிபட்டவனை நடக்கவிடாமல், கடிபட்ட கை அல்லது காலை ஒரு பலகையோடு சேர்த்து அசையாதபடி தளர்த்திக் கட்டி, வாகனத்தில் ஏற்றி, விஷமுறிவு மருந்துள்ள சர்க்கார் ஆஸ்பத்திரிக்கு உடனே கொண்டுசெல்ல வேண்டும். மந்திரிப்பவரிடம் கழியும் ஒரு மணி நேரம் உயிருக்கே உலையாகலாம். அணி இரண்டு காரியங்களை முன்கூட்டியே செய்து வைக்கலாம். இரவில் வாகனம் தரக்கூடியவர் யார் என்பதையும், எந்த ஆஸ்பத்திரியில் மருந்து இருப்பு உண்டு என்பதையும் விசாரித்து எழுதிச் சங்கக் கட்டிடத்தின் சுவரில் ஒட்டலாம்.

அவ்விஷமுறிவு மருந்தைப் பற்றிய ஒரு செய்தி இப்பத்திரிகையின் வாசகர்க்கு மகிழ்ச்சி தரும். நாகம், கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் ஆகிய நான்கின் விஷத்தைக் கொண்டே அம்மருந்து தயாராகிறது. அவ்விஷத்தை எடுத்து மருந்துச் சாலைகளுக்கு அளித்து வருவது, சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் 1978ல் ஏற்பட்ட இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவு சங்கம். தோலுக்காகப் பாம்பைப் பிடித்து விற்று வந்தவர்கள் அத்தொழில் சட்டத்தால் தடுக்கப்பட்டபின் தமக்குள் கூடி அமைத்துக்கொண்டது அது. தந்தையுடன் காட்டில் திரிந்து தடம் பார்க்கக் கற்ற பிள்ளைகளே அச்சங்கத்தின் தேர்ந்த அங்கத்தினர். புல் சாய்ந்திருப்பதையும் மண்ணில் வழுவிய கோட்டையும் கண்டு பாம்பு எந்த வளைக்குள் புகுந்தது என்று அவர்கள் கூறும் வித்தையைக் கண்டிருந்தால், சார்ட்டர்ஹௌஸ் தோப்பில் பதுங்கியிருந்த மாணாக்கன் அவர்களிடம் சீடனாகச் சேர்ந்திருப்பான்.

செலவு அதிகமில்லை. பத்துக் கஜம் கொண்ட கயிறு இரண்டு, ஆளுக்கொரு மூங்கில் தடி, மருந்துப் பெட்டி ஒன்று, இரண்டு சமையல் பாத்திரம், ஒரு கணக்குப் புத்தகம். லாபத்தில் பொது நன்மைக்கென ஒதுக்கும் தொகையிலிருந்து சங்கம் இதைக் கொடுக்கலாம். பள்ளியில் பாரத சாரணர் பிரிவு இருப்பின் அதன் ஆசிரியரைக் கலந்துகொண்டே தொடங்குதல் நலம்; இல்லாவிடின் தலைமையாசிரியர் மூலம் ஜில்லாச் சாரணர் சங்கத்துக்கு எழுத வேண்டும். அணியைச் சேர்க்கும்போது ஒரே தெருவுப் பிள்ளைகளாகச் சேர்த்துவிடாமல் பார்த்துக்கொள்ளுதல் அவசியம். கணக்குப் புத்தகத்தைச் சிறுவனே எழுத வேண்டும். மாதம் ஒரு முறை அதைச் சங்கக் காரியதரிசி தணிக்கை செய்து கையொப்பமிடலாம், தப்பிருந்தால் தாமே திருத்தாமல் எழுதியவனிடமே திருப்பிக் கொடுக்க வேண்டும்.